படம் வந்தது; விருதும் வந்தது

புது தில்லி: 2024-இல் வெளியான "சந்து சாம்பியன்" ஹிந்தித் திரைப்படத்தின் வாயிலாகவே முரளிகாந்த் பேட்கரைப் பலரும் அறிந்தனர். மகாராஷ்டிர மாநிலம் சாங்லி மாவட்டத்தைச் சேர்ந்த இந்த ராணுவ வீரர், 1965-ஆம் ஆண்டு பாகிஸ்தான் போரில் குண்டுக் காயங்களால் இடுப்புக்குக் கீழ் செயலிழந்தார். சிகிச்சையாகத் தொடங்கிய நீச்சல், 1972-இல் மேற்கு ஜெர்மனியின் ஹைடல்பர்க் நகரில் நடைபெற்ற பாராலிம்பிக் போட்டியில் தங்கப் பதக்கம் பெற்றுத் தந்தது. பாராலிம்பிக்கில் இந்தியாவின் முதல் பதக்கம் அதுவே.

ஆனால், பத்மஸ்ரீ விருது அவரை வந்தடைய 46 ஆண்டுகளாயின. வாழ்நாள் சாதனைக்கான அர்ஜுனா விருதைக் குடியரசுத் தலைவரிடம் அவர் பெற்றது, படம் வெளியான பிறகு, 2025 ஜனவரியில்.

2024 பாரிஸ் பாராலிம்பிக்கில் இந்தியா 29 பதக்கங்களைக் குவித்தது. வென்றவர்களை நாடே கொண்டாடியது, அது முறையே. அந்தப் பாதையை முதலில் திறந்தவரை நினைவுகூர அரை நூற்றாண்டு தேவைப்பட்டிருக்க வேண்டியதில்லை.