எட்டடி மஞ்சள் பறவைக்குள் ஒரு மனிதர்: ‘பிக் பேர்ட்’ இயங்கியது எப்படி?

‘செசமி ஸ்ட்ரீட்’ தொடரின் பிக் பேர்டை மீமிலாவது பார்க்காதவர்கள் குறைவு. ஆனால் அந்தப் பறவைக்குள் நின்ற ஆள் பக்கத்து சீட்டில் வந்து உட்கார்ந்தால்கூட யாருக்கும் தெரிந்திருக்காது. அமெரிக்காவைச் சேர்ந்த கேரல் ஸ்பின்னிதான் அவர். 1969 முதல் 2018 வரை அதே பாத்திரம், அதே வேலை!

உள்ளே என்ன நடக்கிறது?

பறவையின் முகத்தில் மோட்டார் எதுவும் கிடையாது, எல்லாமே கை வேலை. ஸ்பின்னியின் வலது கை தலைக்கு மேல் நேராக நீண்டு, பறவையின் தலைக்குள் இருக்கும். விரல்கள் அலகைத் திறந்து மூடும். சுண்டுவிரல் ஒரு லீவரை இழுத்து இமைகளை அசைக்கும். இடது கை, இடது இறக்கைக்குள்.

அப்போ வலது இறக்கை? அது சும்மா தொங்குவதுதான். மீன்பிடி நைலான் நரம்பு ஒன்று இரண்டு இறக்கைகளையும் இணைத்திருக்கும். இடது கீழே இறங்கினால் வலது மேலே போகும். அவ்வளவுதான் ரகசியம்.

வெளியே பார்க்க ஓட்டை கிடையாது. நெஞ்சில் கட்டிய குட்டி மானிட்டரில் கேமரா எடுக்கும் காட்சி தெரியும். அதைப் பார்த்துத்தான் நடக்க வேண்டும். செல்ஃபி எடுக்கும்போது போன் நம்மைக் கண்ணாடிபோலக் காட்டுமே, இது அப்படிக் காட்டாது. அவர் இடப்பக்கம் போனால், மானிட்டரில் பறவை வலப்பக்கம் போகும். வசனத் தாளும் உள்ளேயே ஒட்டியிருக்கும். இது எவ்வளவு கஷ்டம் என்று தெரிய வேண்டுமா? போன் பிடித்த கையைத் தலைக்கு மேல் நேராகத் தூக்கி இரண்டு நிமிடம் நின்று பாருங்கள்.

சொதப்பலில் கிடைத்த வேலை

1969-ல் சால்ட் லேக் சிட்டியில் நடந்த பொம்மலாட்ட விழாவில் ஸ்பின்னியின் நிகழ்ச்சி விளக்கு கோளாறால் சொதப்பிவிட்டது. ஆனால் அதைப் பார்த்துக்கொண்டிருந்தவர் மப்பெட்களின் தந்தை ஜிம் ஹென்சன். நீங்கள் செய்ய நினைத்தது பிடித்திருக்கிறது என்று சொல்லி, வேலைக்குக் கூப்பிட்டார்.

ஆரம்பத்தில் பிக் பேர்ட் ஒரு அசட்டுப் பெரிய பறவை மட்டுமே. அதைக் குழந்தையாக மாற்றலாம் என்றவர் ஸ்பின்னி. குப்பைத் தொட்டியில் வாழும் சிடுமூஞ்சி ஆஸ்கரும் அவர்தான். அந்தக் கரகரத்த குரல், ஒரு நியூயார்க் டாக்ஸி ஓட்டுநரிடம் ‘சுட்டது’.

அந்த ‘குழந்தை’ யோசனையின் பலன் 1983-ல் தெரிந்தது. கடைக்காரர் ஹூப்பராக நடித்த வில் லீ முந்தைய டிசம்பரில் இறந்திருந்தார். வேறு நடிகரைப் போடாமல், ஹூப்பர் இறந்துவிட்டார் என்றே தொடரில் சொன்னார்கள். தான் வரைந்த படத்தைக் கொடுக்க ஹூப்பரைத் தேடும் பறவைக்கு, அவர் இனி வரமாட்டார் என்பது புரியவில்லை. ஏன் இப்படி என்று கேட்கிறது. அந்தப் படங்களை நிஜத்தில் வரைந்தவரும் ஸ்பின்னியே.

உயிர் காத்த உயரம்

குழந்தைகளுக்கு விண்வெளி ஆர்வம் வர, பிக் பேர்டை விண்கலத்தில் அனுப்பலாமா என்று நாசா பேசிப் பார்த்தது. உடை பெரிது, இடம் போதாது, திட்டம் நின்றது. ஆசிரியை கிறிஸ்டா மெக்காலிஃப் போனார். 1986 ஜனவரி 28-ல் கிளம்பிய சேலஞ்சர் 73 நொடிகளில் சிதறியது; ஏழு பேரும் பலி. ஏவுதலை ஸ்பின்னி டிவியில் பார்த்துக்கொண்டிருந்தார்.

யாருக்கும் தெரியாத ஓய்வு

சினிமாவில் நடிகர் மாறினால் ரசிகர்கள் கொந்தளிப்பார்கள். இங்கே ஆள் மாறியதே தெரியக் கூடாது. அதனால் மாட் வோகல் என்பவர் 1990-களிலேயே மாற்று ஆளாகப் பழக ஆரம்பித்தார். உடல் சமநிலை தடுமாறியதால் 2015-ல் ஸ்பின்னி உடையைக் கழற்றினார். குரல் மட்டும் கொடுத்தார். 2018-ல் அதையும் நிறுத்தினார். அடுத்த ஆண்டு டிசம்பரில், 85 வயதில் மறைந்தார்.

பிக் பேர்டுக்கு மட்டும் இன்னும் வயது ஆறுதான். உள்ளே இப்போது வோகல்.