குறத்தி பாட்டும் டான்சும்

குறத்தி பாட்டும் டான்சும் என்பது 1931 ஆம் ஆண்டைச் சேர்ந்த, நான்கு ரீல்கள் கொண்ட குறும்படம் ஆகும். இதில் டி. பி. ராஜலட்சுமி குறத்தியாக ஆடிப் பாடினார். 1931 அக்டோபர் 31 அன்று சென்னை கினிமா சென்ட்ரல் திரையரங்கில் வெளியான காளிதாஸ் திரைப்படத்துடன் இது இணைப்பாகக் காட்டப்பட்டது.

அமெரிக்காவில் வார்னர் பிரதர்ஸ் நிறுவனம் 1926 முதலே முழுநீளப் படங்களுடன் ஒலியுடன் கூடிய இசைக் குறும்படங்களைச் சேர்த்துத் திரையிட்டது. 1939 இல் வந்த அதன் 'ரைடு, கௌபாய், ரைடு' படத்தில் குதிரைவீரர்களே பாடினர். தமிழில் அவ்விடத்தைப் பெற்றவள், குறவஞ்சி நாடகங்கள் வழியே மக்கள் நன்கறிந்த மலைக்குறத்தி.

காளிதாஸ் படத்தில் தமிழுடன் தெலுங்கும் பேசப்பட்டது. எனவே முதல் தமிழ்ப் பேசும்படம் எது என ஆராயும்போது இக்குறும்படத்தையும் கணக்கிற்கொள்வதே முறை. முழுநீளப் படங்களை மட்டும் எண்ணும் பட்டியல்களில் இதற்கு இடமில்லை. காளிதாஸ் படத்தின் படச்சுருளும் இன்று கிடைப்பதில்லை.