திருமலைப் பாறையில் சிப்பி இல்லாதது ஏன்?

திருப்பதிக்குப் போய் வராத தமிழ்க் குடும்பம் உண்டா? பிழைப்புக்காகச் சித்தூரிலும் திருப்பதியிலும் ரேணிகுண்டாவிலும் குடியேறிவிட்டவர்களுக்கோ, ஏழுமலை என்பது வாசலுக்கு வந்தாலே தெரிகிற மலை. ஊரிலிருந்து உறவினர் வந்தால் அவர்களோடு ஒரு தடவை. வேண்டுதல் இருந்தால் இன்னொரு தடவை. இப்படி ஆண்டுக்கு நாலு முறை ஏறி இறங்குகிறவர்கள் பலர். ஆனால் மலைச் சாலையின் ஓரத்தில் இருக்கும் பாறையைப் பார்த்தவர்கள் எத்தனை பேர்? பஸ்ஸில் பாதிப் பேர் தூக்கம். மீதிப் பேருக்கு வளைவுகளில் தலைசுற்றல்.

அந்தப் பாறை ஒரு காலத்தில் கடலடி மணலாகக் கிடந்தது என்றால் நம்புவது கடினம்தான். ஆனாலும் அதுவே உண்மை.

சித்தூரிலிருந்து திருப்பதிக்கு வரும் வழியில் மலைகளின் உருவம் மாறுவதைக் கவனிக்கலாம். சித்தூர்ப் பக்கத்துக் குன்றுகள் உருண்டை உருண்டையான மொட்டைப் பாறைகள். உருளைக்கிழங்கைக் குவித்து வைத்தாற்போல் இருக்கும். இவை கிரானைட் வகை. பூமிக்கு அடியில் உருகிக் கொதித்த குழம்பு ஆறி இறுகியதால் வந்தவை. நெருப்பில் பிறந்த கல்லில் உயிரின் தடயத்தைத் தேடிப் பயனில்லை.

திருப்பதியை நெருங்கியதும் காட்சி வேறு. ஊருக்குள் நின்று நிமிர்ந்து பார்த்தால், மலையின் மேல்பாதி சிவந்த மதில்போலச் செங்குத்தாக நிற்கிறது. பலகைகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிய தோற்றம். கீழ்ப்பாதி சரிந்து, புதரும் பாறையுமாகப் பரந்திருக்கிறது. கீழே இருப்பது அதே கிரானைட். மேலே இருப்பது குவார்ட்சைட், அதாவது மணல் இறுகிக் கெட்டிப்பட்ட கல். நகரி மலையின் பெயரால் இதற்கு நகரி குவார்ட்சைட் என்று பெயர். கப்பல் மாலுமிகள் கடலில் இருந்தபடியே அடையாளம் வைத்துக்கொண்ட 'நகரி மூக்கு' இருக்கிறதே, அந்தச் சிகரமும் இதே கல்தான்.

இது கடல் மணல் என்று எப்படிச் சொல்கிறார்கள்? அலை பின்வாங்கிய பிறகு மெரினாவில் ஈர மணலில் வரிவரியாக ஒரு கோலம் தெரியுமே, அதே வரிகள் இந்தக் கல்லில் உறைந்து கிடக்கின்றன. ஆழமில்லாத கடலின் அடியில் மணல் படிந்து, அதன்மேல் இன்னும் மணல் படிந்து, பாரம் அழுத்த அழுத்தக் கல்லாகிவிட்டது. கோயிலுக்கு அருகே உள்ள சிலாதோரணமும் இந்தக் கல்தான். சுமார் 8 மீட்டர் அகலமும் 3 மீட்டர் உயரமும் கொண்ட அந்த வளைவைக் காற்றும் மழையும் செதுக்கின. மனிதக் கை படவில்லை.

கிழிந்து போன பக்கங்கள்

சிவந்த கல்லும் கிரானைட்டும் சந்திக்கும் கோடு மலைச் சாலையில் வெட்டிய சரிவுகளிலும் ஓடைகளிலும் தெளிவாகத் தெரிகிறது. விரலால் தொட்டுவிடலாம். கோட்டுக்குக் கீழே உள்ள பாறை 200 கோடி ஆண்டுகளுக்கும் மேற்பட்டது. மேலே உள்ளது ஏறத்தாழ 160 கோடி ஆண்டு என்பது வழக்கமான கணக்கு. இடையில் என்ன நடந்தது? மலைகள் தேய்ந்தன, கரைந்தன. அவ்வளவுதான் தெரியும், அந்தக் காலத்துக்கு இங்கே கல் சாட்சி இல்லை. ஆபீஸ் பேரேட்டில் நடுவே ஒரு கத்தை பக்கங்களைக் கிழித்துவிட்டு மீதியைத் தைத்து வைத்தால் எப்படி இருக்கும்? அப்படித்தான். கிழிந்தது 50 கோடி ஆண்டுக் கணக்கு என்பாரும் உண்டு, 80 கோடி என்பாரும் உண்டு. இந்திய நிலவியல் ஆய்வுத் துறை இந்தக் கோட்டைத் தேசிய நிலவியல் நினைவுச் சின்னங்களில் ஒன்றாக அறிவித்திருக்கிறது.

சரி, கடல் என்றால் சிப்பி எங்கே, சங்கு எங்கே? நியாயமான கேள்வி. நம் அரியலூர், பெரம்பலூர் பக்கத்து ஓடைக்கரைகளிலும் சுண்ணாம்புச் சுரங்கங்களிலும் கல்லாகிப் போன கடல் உயிர்கள் கொட்டிக் கிடக்கின்றன. ஆட்டுக்கடாவின் கொம்புபோல் சுருண்ட அம்மோனைட் ஓடுகள் அங்கே பிரசித்தம். வைணவ வீடுகளில் பூஜையில் இருக்கும் சாளக்கிராமத்தின் உள்ளே தெரியும் சக்கரமும் அம்மோனைட்டின் சுருள்தான். இமயம் எழும்புவதற்கு முன்பு அங்கிருந்த கடலில் வாழ்ந்து, நேபாளத்துக் கண்டகி நதியில் இன்று கிடைப்பவை அவை. ஆக, பெருமாளின் பூஜைப் பெட்டியில் கடல் உயிரின் சுவடு இருக்கிறது. பெருமாளின் மலையில் இல்லை!

விடை எளியது. அரியலூர்க் கடலின் வயது 10 கோடி ஆண்டு அளவில்தான். திருமலைக் கடலின் வயது அதைப்போலப் பதினாறு மடங்கு. ஓடு போர்த்திய உயிர்கள் உலகில் பெருகத் தொடங்கியதே சுமார் 54 கோடி ஆண்டுகளுக்கு முன்புதான். திருமலை மணல் படிந்த நாளில் மீன் இல்லை, நண்டு இல்லை, சிப்பி இல்லை. கரையில் ஒரு புல்கூட இல்லை. கல்லில் ஓடு இல்லாமல் இருப்பதே அந்தக் காலத்துக்குச் சாட்சி.

பாசி கட்டிய வீடு

அப்படியானால் உயிரே இல்லையா? இருந்தது. அதைப் பார்க்க வடக்கே கடப்பை மாவட்டத்துக்குப் போக வேண்டும். வேம்பள்ளி, புலிவெந்துலா பக்கங்களில் உள்ள பழைய சுண்ணாம்பு வகைப் பாறைகளில் வெங்காயத்தைக் குறுக்கே நறுக்கினாற்போல் அடுக்கடுக்கான வளையங்கள் தெரிகின்றன. ஸ்ட்ரோமடோலைட் என்பது இவற்றின் பெயர். கட்டியது யார்? கண்ணுக்குத் தெரியாத நீலப்பசும்பாசி நுண்ணுயிர்கள். ஆழமற்ற கடலில் இவை வழுவழுப்பான விரிப்புப்போலப் படரும். மேலே வண்டல் படிந்தால் வெயிலைத் தேடி அதற்கு மேலே ஏறிப் படரும்; மறுபடி வண்டல், மறுபடி பாசி. இப்படியே கல் மேடு வளர்ந்துவிடும். குடியிருந்தவர் போய்விட்டார், வீடு நிற்கிறது.

வண்டல் கல்லின் வயதை நேரடியாகச் சொல்வது சிரமம். புலிவெந்துலா அருகே இந்த அடுக்குகளுக்குள் பிற்பாடு எரிமலைக் குழம்பு புகுந்து இறுகியிருக்கிறது. அதன் வயது சுமார் 188 கோடி ஆண்டு என்று கண்டிருக்கிறார்கள். புகுந்த குழம்புக்கே அந்த வயதென்றால், பாசி வீடு அதற்கும் மூத்தது.

இந்தப் பாசியை லேசாக நினைக்கக் கூடாது. இன்று நாம் இழுத்துவிடும் மூச்சுக்கு முதல் போட்டவை இவைதான். வெயிலைக்கொண்டு உணவு சமைத்து, கழிவாக ஆக்சிஜனை வெளியிட்டன. சுமார் 240 கோடி ஆண்டுகளுக்கு முன்பு அது உலகக் காற்றில் சேரத் தொடங்கியது. மேற்கு ஆஸ்திரேலியாவின் ஷார்க் விரிகுடாவில் இதே மாதிரி மேடுகள் இன்றும் உயிரோடு வளர்கின்றன.

நம் வீட்டுச் சமையலறை மேடைக்குப் போடுகிற கறுத்த கடப்பைக்கல்லும் கடலில் படிந்த சுண்ணாம்புக்கல்தான். இது பின்னால் வந்த ஒரு கடல். அதிலும் சிப்பியைத் தேட வேண்டாம்.

கடப்பைப் பாறைகளை முறையாக ஆராய்ந்து 1872ல் நூலாக்கியவர் வில்லியம் கிங். இவரும் ராபர்ட் புரூஸ் ஃபுட்டும் 1863ல் திருவள்ளூர்ப் பக்கத்து அத்திரம்பாக்கத்தில் ஆதி மனிதனின் கற்கோடரிகளைக் கண்டெடுத்தார்கள். அந்தக் கோடரிகளும் குவார்ட்சைட்தான். பழங்கடலின் மணல் மலையாகி, மலை உடைந்து கூழாங்கல்லாகி, கடைசியில் மனிதன் கைக்கு ஆயுதமாக வந்து சேர்ந்தது!

மலைச் சாலையின் கதையும் இதில் உண்டு. முதல் சாலை 1944ல் திறக்கப்பட்டது. இரண்டாவது 1974ல் வந்தது. சாலைக்காக மலையை வெட்டியதால்தான் அந்தக் கோடு இத்தனை துலக்கமாகக் கண்ணுக்குத் தெரிகிறது. வெட்டிய சரிவுக்கு ஆபத்தும் உண்டு. அடுக்குக் கல்லில் வெடிப்புகள் அதிகம். மழைநீர் இறங்கினால் பாளம் பெயரும். 2021 டிசம்பரில் பெரும்பாறை ஒன்று உருண்டு, மேலே ஏறும் சாலை சேதமடைந்தது. பக்தர் உயிருக்குத் தடுப்புச் சுவரும் கம்பி வலையும் அவசியம். அதில் இரண்டு பேச்சு இல்லை. ஆனால் கோடு தெரிகிற அந்தச் சில இடங்களில் சிமெண்டைப் பூசி மூடிவிட்டால், பிறகு பார்க்க ஒன்றும் இராது. வலை போட்டுக் கல்லைத் திறந்தபடி விடுவதே முறை. பெயர் எழுதுகிறவர்களின் பெயிண்ட் டப்பாவுக்கும் அங்கே வேலை இல்லை.

அடுத்த தடவை போகும்போது சன்னலோர இடம் கிடைத்தால், மேலே சிவந்த பலகைக் கல், கீழே சாம்பல் நிறக் கிரானைட் என்று பார்த்துக்கொண்டே வாருங்கள். பஸ் ஒரு வளைவில் வேகம் குறையும்போது கோடு தெரியும்.