எல்லைக் கோடும் அனுப்பப்படாத கடிதங்களும்

பிறந்த வீட்டை இழந்தவர் அதை நினைவில் எவ்வாறு காக்கிறார்? ஸரீனா ஹாஷ்மியின் அச்சோவியங்களைக் காணும்போதெல்லாம் நம்முள் எழும் வினா இது.

ஸரீனா 1937ஆம் ஆண்டு அலிகரில் பிறந்தார். தந்தையார் ஷைக் அப்துர் ரஷீத் அலிகர் முஸ்லிம் பல்கலைக்கழகத்தில் வரலாறு கற்பித்தவர். ஸரீனா அங்கேயே 1958இல் கணிதத்தில் பட்டம் பெற்றார். அச்சுக்கலையைப் பாரிஸிலும், மரக்கட்டைச் செதுக்கலை 1974இல் டோக்கியோவிலும் பயின்றார். பின்னர் நியூயார்க்கில் குடியமர்ந்து, காகிதக் கூழிலும் வெண்கலத்திலும் சிற்பங்கள் வார்த்தார். 2020 ஏப்ரலில் லண்டனில் காலமானார்.

இவ்வாழ்வின் நடுவே ஒரு பிளவு உண்டு. 1947இல் நாடு பிரிந்தபோது அலிகரிலேயே தங்கிவிட்ட குடும்பம், 1959இல் கராச்சிக்குப் பெயர்ந்தது. திரும்பிச் செல்லத் தாய்வீடு இல்லாமற் போயிற்று.

1999இல் அவர் உருவாக்கிய ‘வீடு ஓர் அந்நிய இடம்’ என்னும் தொகுதியில் முப்பத்தாறு மரச்செதுக்கு அச்சுகள் உள்ளன. ஒவ்வொன்றிலும் நஸ்தலீக் எழுத்தில் ஓர் உருதுச் சொல். உடன், அச்சொல்லுக்குரிய வடிவம் சில கோடுகளில். எங்கும் மனித முகம் இல்லை. எல்லைக்கு உருதுவில் ‘ஸர்ஹத்’ என்பர். அதன் பிற்பகுதியான ‘ஹத்’ நமக்கு நன்கு பழகிய அரபுச் சொல். வரம்பு என்பது அதன் பொருள். அவ்வரம்பையே 2001இல் ‘பிரிக்கும் கோடு’ என்ற தனிப் படைப்பாக அவர் ஆக்கினார். இந்திய, பாகிஸ்தான் எல்லையைக் கோடாகக் கீறாமல், சுற்றியுள்ள மரத்தையெல்லாம் செதுக்கி அகற்றி, கோட்டை மட்டும் மேடாக நிற்கவிட்டார். மையேற்றது அம்மேடு, நிலம் வெறுமையாயிற்று. பிரிவினையைப் பற்றிய நீண்ட நூல்கள் பலவும் உணர்த்தாத ஒன்றை இச்செய்முறையே உணர்த்திவிடுகிறது என்பது நம் கருத்து.

2003இல் அழிவுகண்ட ஒன்பது நகரங்களைச் செதுக்கினார். பாக்தாத், ஸராயேவோ, ஜெனின் ஆகியவற்றோடு அஹ்மதாபாத்தும் நியூயார்க்கும் அங்கே இடம்பெற்றன. தம்மவர் துயரையும் பிறர் துயரையும் ஒரே வரிசையில் வைத்த நேர்மை குறிப்பிடத்தக்கது.

ஆயினும் நம்மை மிகவும் ஆட்கொள்வது 2004இல் வெளிவந்த ‘வீட்டிலிருந்து கடிதங்கள்’ என்னும் எட்டு அச்சுகளே. கராச்சியில் வாழ்ந்த தமக்கை ராணி, பெற்றோரின் மரணம், வீட்டின் விற்பனை முதலியவற்றைத் தங்கைக்கு உருதுவில் எழுதினார். எழுதியவற்றை அஞ்சலில் சேர்க்காமல் தம்மிடமே வைத்துக்கொண்டார். தொலைவில் தனித்திருப்பவளை வருத்த மனம் வரவில்லை போலும்! பல்லாண்டுகள் கழித்தே அவை தங்கையின் கையில் சேர்ந்தன. ஸரீனா அக்கையெழுத்தை அப்படியே அச்சில் ஏற்றி, அதன் மேல் வீட்டின் வரைபடத்தையும் ஊர்களின் வரைபடங்களையும் பதித்தார். கறுத்த கோடுகளுக்கு அடியில் சில வரிகள் மறைகின்றன, சில தெரிகின்றன. உருது அறிந்தவரும் அக்கடிதங்களை முழுமையாகப் படித்துவிட இயலாது. தமக்கை தம்மிடமே வைத்திருந்த துயரை ஊரார் முன் விரித்துக் காட்ட அவர் விரும்பவில்லை என்றே நாம் கொள்கிறோம்.