மாரிகாலத்தில் விதையில் ஈரமேறாமற் காத்தல்

வன்னிப் பெருநிலத்தில் விதைக்கு வரும் கேடு பெரும்பாலும் மாரிகாலத்தில் வருவதாகும். காலபோக நெல் மாசி, பங்குனி மாதங்களில் அறுவடையாகின்றது. அதிலிருந்து எடுத்த விதை, சித்திரையில் இடைக்கிடை பெய்யும் மழை நீங்கலாகக் கோடை முழுவதும் வறண்ட காற்றிலே கிடந்து, புரட்டாதி, ஐப்பசியில் வயலுக்குப் போய்விடும். அதனைக் காப்பது பெரிய காரியமன்று. ஆவணியில் அறுத்த சிறுபோக நெல்லை அடுத்த சித்திரை விதைப்புக்கென வைத்திருப்பவரின் நிலை வேறு. கோடையிலே எடுத்த கத்தரி, மிளகாய், வெண்டி, பயற்றை விதைகளை மழை ஓய்ந்தபின் தை மாதத்தில் இடுவதற்கு வைத்திருப்பவரின் நிலையும் அத்தகையதே. இவர்களுடைய விதை ஐப்பசி, கார்த்திகை, மார்கழி ஆகிய மூன்று மாதங்களையும் வீட்டுக்குள் இருந்தபடியே கடக்கவேண்டும்.

விதை ஓர் உயிர்ப்பொருள். அது சூழவுள்ள காற்றுக்கு ஏற்ப ஈரத்தை வாங்கும், விடும். காற்றின் ஈரப்பதன் நூற்றுக்கு 65 அளவில் இருக்கும்போது நெல்லின் ஈரம் ஏறத்தாழ 12 வீதத்தில் நிற்கும். காற்றின் ஈரப்பதன் 75 ஆகும்போது நெல்லின் ஈரம் 14 வீதத்தை அடுக்கும். 85க்கு மேற் சென்றால் 16 வீதத்தையும் தாண்டும். கார்த்திகை மாதத்துக் காலை வேளைகளில் காற்றின் ஈரப்பதன் 90ஐ எட்டும் நாட்கள் பல. ஆதலின், ஆவணியில் நன்றாகக் காய்ந்த நெல்லைச் சாக்கிற் கட்டி மூலையில் வைத்தவர், மார்கழியில் அதே சாக்கிலிருந்து ஈரநெல்லையே எடுப்பார். அதன்மேல் ஒரு துளி மழையும் விழுந்திருக்கமாட்டாது.

ஈரம் 14 வீதத்தைக் கடந்தவுடன் பூஞ்சணம் பற்றத் தொடங்கும். வண்டும் அந்தும் பெருகும். குவியலின் நடுவில் வெப்பம் ஏறும். கண்ணுக்கு நெல் நெல்லாகவே தோன்றும், ஆனால் முளை செத்திருக்கும். ஹரிங்ரன் என்ற அமெரிக்க விதை ஆய்வாளர் வகுத்த கணக்கின்படி, விதையின் ஈரம் ஒரு வீதம் குறையுந்தோறும் அதன் ஆயுள் ஏறத்தாழ இரட்டிக்கும். வெப்பநிலை 5 பாகை செல்சியசு குறையுந்தோறும் அவ்வாறே இரட்டிக்கும். ஏறத்தாழ 5 முதல் 14 வீதம் வரையான ஈரத்துக்கே இக்கணக்குப் பொருந்தும். வன்னியில் வீட்டின் வெப்பத்தைக் குறைப்பது நம்மால் ஆகாது. ஈரத்தைக் குறைப்பது ஆகும்.

சிறுபோகத்தில் விதை பொய்த்தால் நட்டம் இரட்டிப்பாகும். இரணைமடு, வவுனிக்குளம், முத்தையன்கட்டு, பாவற்குளம் போன்ற குளங்களின் கீழ்ச் சிறுபோகத்துக்கான ஏக்கர் அளவும், நீர் திறக்கும் நாளும், விதைத்து முடிக்கும் நாளும் கமக்காரர் கூட்டத்தில் முன்னரே தீர்மானிக்கப்படுகின்றன. விதை முளைக்கவில்லை என்று ஏழாம் நாளிற் கண்டு வேறு விதை தேடி ஓடுபவருக்காக வாய்க்கால் காத்திராது. இந்த அச்சத்தினாலேயே, ஏக்கருக்கு 2 புசல் போதுமான இடத்தில் 3 புசலுக்கு மேலும் விதைப்பவர் உளர். முளைக்குமோ என்ற ஐயத்துக்காக ஒரு புசல் நெல்லை, அதாவது ஏறத்தாழ 21 கிலோவை, ஒவ்வோர் ஏக்கரிலும் எறிவது சிக்கனமான வேளாண்மையன்று.

மரக்கறி விதையிலும் வீட்டினங்களிலும் இழப்பு இன்னும் ஆழமானது. 2008, 2009 ஆம் ஆண்டுகளின் இடப்பெயர்வில் வன்னிக் குடும்பங்கள் பல தம் விதைப் போத்தல்களை விட்டுவிட்டே சென்றன. மீளக்குடியேறியபோது வெளியிலிருந்து வந்த விதையையே நம்பவேண்டியிருந்தது. 2018 ஆம் ஆண்டு மார்கழி வெள்ளம் கிளிநொச்சி, முல்லைத்தீவு மாவட்டங்களில் வீடுகளுக்குள்ளேயே புகுந்தது. பாட்டி காலத்துக் கத்தரியோ பாகலோ இன்று உங்கள் வளவில் இருக்குமாயின், அதற்கு மாற்று எந்தக் கடையிலும் இல்லை என்று கொள்க.

முன்னோர் இதனை அறியாதவரல்லர். நெல்லுக்குக் கொம்பறை கட்டினர். விதைகளைச் சாம்பலிற் பிசறி வைத்தனர். சுரைக்குடுவையில் இட்டு வாயடைத்தனர். அடுப்புக்கு மேலே புகைபடும்படி கட்டித் தொங்கவிட்டனர். தமிழ்நாட்டின் தென் மாவட்டங்களில் வைக்கோற் புரியாற் கோட்டை கட்டி, மண்ணும் சாணமும் பூசி விதைநெல்லைக் காத்தனர். இவற்றுள் அடுப்புப் புகையே பெருங்காவல். நாள்தோறும் மூன்று வேளை எரியும் நெருப்பு மாரியிலும் அந்த இடத்தை உலர்த்திக்கொண்டேயிருந்தது. இன்று பல வீடுகளில் எரிவாயு அடுப்பு வந்துவிட்டது, புகையில்லை, உத்தரமுமில்லை. ஆயினும் விதைப்பை பழைய வழக்கப்படி சுவர் ஆணியிலேயே தொங்குகின்றது. அங்கே அதனைக் காப்பது யாதுமில்லை.

முதலில் உலர்த்துதல்

ஈரமான விதையை மூடிவைப்பது திறந்துவைப்பதிலும் கேடானது. அது தன் ஈரத்திலேயே அவிந்துவிடும். ஆகவே ஆவணி, புரட்டாதி வெயிலை வீணாக்காதீர். வெட்டு இயந்திரத்தால் அறுத்த நெல் 20 வீத ஈரத்துக்கு மேலும் இருக்கக்கூடும். அதனை ஒரு நாளுக்குள் பரப்பிவிடுதல் வேண்டும். படங்கிலோ பாயிலோ இரண்டு அங்குலத்துக்கு மேற்படாமற் பரப்பி, அரைமணிக்கு ஒருமுறை கிளறுக. தார் வீதியிற் காயவைப்பது உணவு நெல்லுக்கே நன்றன்று. விதைநெல்லுக்கு அறவே ஆகாது. விதையின் வெப்பம் 43 பாகை செல்சியசைத் தாண்டினால் முளை கெடும்; நண்பகலில் தார் வீதி அதனை எளிதில் தாண்டும். காலையிலும் பிற்பகலிலும் வெயில் கொடுத்து, உச்சிவேளையில் குவித்து மூடுக. மரக்கறி விதைகளை முதலில் நிழலிலும் பின்னர் இளவெயிலிலும் உலர்த்துதல் சாலும். கட்டுவதற்கு முன் ஓரிரவு ஆறவிடுக. சூட்டோடு அடைத்த விதை போத்தலின் உட்புறத்தில் வியர்க்கும்.

காய்ந்ததா என்று அறிய உப்பு ஒன்றே போதும். ஆனையிறவு உப்பில் இரண்டு கரண்டி எடுத்துச் சட்டியில் வறுத்து ஆறவிடுக. உலர்ந்த கண்ணாடிப் போத்தலில் மூன்றிலொரு பங்கு நெல்லிட்டு, உப்பையும் இட்டு மூடி, நன்கு குலுக்கிக் கால்மணி நேரம் வைக்க. உப்பு கண்ணாடியில் ஒட்டினால் நெல்லின் ஈரம் 15 வீதத்துக்கு மேல். ஒட்டாது உதிர்ந்தால் அதற்குக் கீழ். காற்றின் ஈரப்பதன் 75ஐக் கடக்கும்போது உப்புக் கசியும். இச்சோதனையின் காரணம் அதுவே. ஆயினும் விதைநெல்லுக்கு 13 வீதம் வேண்டும். ஆதலால் உப்பு ஒட்டாத நாளிலிருந்து மேலும் இரண்டு நாள் வெயில் கொடுக்க. மரக்கறி விதை 8 வீதத்துக்கு இறங்குதல் நலம். பூசணி, பாகல் விதைகளை வளைத்தால் வளையாது முறியவேண்டும். பயற்றை விதையைக் கல்லால் அடித்தால் நசியாது சிதறவேண்டும்.

பாத்திரமும் கரியும்

மரக்கறி விதைக்குத் திருகுமூடிக் கண்ணாடிப் போத்தலே சிறந்தது. வெறும் போத்தலை மூடி நீரில் அமிழ்த்திப் பாருங்கள்; குமிழி வந்தால் அது உதவாது. அடியில் ஈரமுறிஞ்சும் பொருளைத் துணிப்பையில் இட்டு, அதன்மேல் கடதாசி உறைகளில் விதைகளை வைக்க. ஒவ்வோர் உறையிலும் இனத்தின் பெயரையும் மாதத்தையும் எழுதுக. உறிஞ்சும் பொருள் பாத்திரத்திற் காற்பங்குக்குக் குறையலாகாது. சிரட்டைக்கரி நல்லது, விறகுக்கரியும் ஆகும். பொன்னிறமாக வறுத்த அரிசியும் உதவும். நீறாத சுண்ணாம்பு வலியது, ஆயினும் அது ஒருமுறைக்கே பயன்படும். நீர் பட்டாற் கொதித்துக் கையைச் சுடும். சிறுவர் உள்ள வீட்டில் அதனை யாம் விதந்துரையோம். கடையிற் கிடைக்கும் சிலிக்கா மணிகளில் நீல நிறத்தன கோபாற்று என்னும் நச்சுப்பொருள் சேர்ந்தவை. செம்மஞ்சள் நிறத்தனவற்றையே வாங்குக.

ஒன்றை மறவற்க. கரி ஈரவிதையை உலர்த்தாது. உலர்ந்த விதையைக் காவல் செய்யும், அவ்வளவே. அந்தக் காவலும் களைத்துப்போகும். ஐப்பசியில் இட்ட கரியைத் தையிற் பார்ப்பவர் பலர். போத்தலைத் திறக்குந்தோறும் ஈரக்காற்று உட்புகும். கரி தன் வயிறு நிறைய உறிஞ்சியபின் அங்கே இருப்பதும் இல்லாததும் ஒன்றே. ஆகவே மாரி மூன்று மாதங்களிலும் மாதம் ஒருமுறை அதனைப் புதுப்பிக்கவேண்டும். மழையற்ற நாளில், வெயிலேறிய பின்னரே திறக்க.

புதுப்பிக்கும் முறை இது. கரியைப் பையிலிருந்து கொட்டித் தூளைப் புடைத்துவிட்டு, இரும்புத் தாச்சியிலோ மண் ஓட்டிலோ இட்டு மெல்லிய நெருப்பில் அரைமணி நேரம் கிளறிச் சூடாக்குக, தீப்பற்ற விடாதீர். இறக்கியவுடன் மூடியுள்ள தகரப்பேணியில் அடைத்து அதற்குள்ளேயே ஆறவிடுக. திறந்த முற்றத்தில் ஆறவைத்தால், ஆறும்போதே மாரிக்காற்றிலிருந்து ஈரத்தை மீண்டும் குடித்துவிடும். பட்ட பாடு வீண். முற்றும் ஆறாத கரியை விதையோடு வைத்தால் முளைக்கும் கேடு, வீட்டுக்கும் கேடு. சிலிக்கா மணிகளைச் சமையற் பாத்திரத்தில் அன்றி வேறொரு பழைய சட்டியில், நிறம் திரும்பும்வரை இளஞ்சூட்டில் வறுக்க.

துணிப்பையையும் கவனிக்கவேண்டும். மெல்லிய பருத்தித் துணியே வேண்டும். கரித்தூள் இழைகளை அடைத்துவிட்டால், பைக்குள் நல்ல கரி இருந்தும் காற்று அதனைச் சென்றடையாது. வெறும் பையை வாயில் வைத்து ஊதிப்பாருங்கள். மூச்சு தடையின்றிப் போகவேண்டும். போகாவிட்டால் உதறி, சிறிது சவர்க்காரமிட்டுக் கழுவி, பலமுறை அலசி முற்றாகக் காயவைக்க. மழைநாளில் துணி காய்வது அரிதாகையால், பாத்திரம் ஒன்றுக்கு இரண்டு பைகள் தைத்து மாற்றி மாற்றிப் பயன்படுத்துக.

நெல்லைப் போத்தலில் வைக்க இயலாது. 200 லீற்றர்ப் பீப்பா 5 புசலுக்குச் சற்று மேல் கொள்ளும். இரண்டரை ஏக்கருக்கு அது போதும். நாசினி இருந்த பீப்பா ஆகாது. வாய்வரை நிரப்பி, மேலே ஒரு கரிப்பை வைத்து, வளையம் பழுதில்லாத மூடியால் இறுக்குக. சாக்கையன்றி வழியில்லாதவர், தடித்த பொலித்தீன் உறையைச் சாக்கின் உள்ளே இட்டு வாயை இறுகக் கட்டி, நிலத்திலிருந்து ஆறு அங்குலம் உயர்த்திய பலகையில், சுவரிலிருந்து ஓரடி விலக்கி அடுக்குக. சீமெந்து நிலம் மாரியில் வியர்ப்பதை நீங்கள் அறிவீர்கள்.

பொறி உள்ள களஞ்சியங்கள்

விதை உற்பத்தி செய்யும் சங்கங்களிலும் தனியாரிடத்திலும் மின்சாரத்தால் இயங்கும் ஈரமகற்றும் பொறி இருக்கக்கூடும். கன்னொறுவையில் 1988 ஆம் ஆண்டு நிறுவப்பட்ட தாவரப் பிறப்புரிமை வள நிலையம் போன்ற விதைக் காப்பகங்களிலும் நீண்டகாலச் சேமிப்புக்கு முன் விதையை உலர்ந்த காற்றிலேயே உலர்த்துவர். நெற்களஞ்சியத்தில் இப்பொறிக்கு எதிரி உமித்தூசு. காற்று உட்புகும் வடியை அத்தூசு அடைத்துவிட்டால் பொறி ஓடும், மின்கட்டணம் ஏறும், ஈரம் இறங்காது. மின்னிணைப்பைக் கழற்றியபின் வடியை எடுத்து, தூசைத் தட்டி, இளஞ்சூட்டு நீரிற் கழுவி, நிழலில் முற்றாக உலர்த்திப் பூட்டுக. வீடுகளில் மாதம் ஒருமுறை செய்வதை இங்கே இருவாரத்துக்கு ஒருமுறை செய்யவேண்டும். நீர் சேரும் தொட்டியை நாள்தோறும் வெறுமையாக்குக. கதவைத் திறந்துவைத்துப் பொறியை ஓட்டுவது கடலை இறைப்பதை ஒக்கும்.

விதைப்புக்கு மூன்று கிழமை முன்னர், நூறு விதைகளை எண்ணி நனைந்த சாக்குத்துணியிற் சுருட்டி வைத்து ஏழாம் நாளில் முளைகளை எண்ணுக. 85 விதைக்குக் குறையாது முளைத்தால் வழமையான அளவே போதும். 70 அளவில் நின்றால் அதற்கேற்ப விதையைக் கூட்டலாம். அதற்கும் கீழ் இறங்கினால் அந்த விதையை விட்டு, உங்கள் கமநல சேவை நிலையத்தில் விவசாயப் போதனாசிரியரைக் கண்டு வேறு விதைக்கு ஒழுங்கு செய்ய அந்த இரண்டு கிழமை உதவும். எஞ்சிய நெல்லில் மருந்து பிசறாவிடினும், பூஞ்சணம் கண்டிருந்தால் கோழிக்கும் போடாதீர். பீப்பாவைக் கழுவி வெயிலில் கவிழ்த்து வைக்க; கரிப்பைகளையும் உப்புப் போத்தலையும் ஆவணிக்கு எடுத்து வைக்க.