ஒரு பேருக்கு எவ்வளவு

இலங்கையின் ஊவா மாகாணத்துத் தெமோதரைத் தேயிலைத் தோட்டங்களில் ஒரு நாள் வேலை ‘பேர்’ என்று கணக்கில் ஏறும். சொன்ன கிலோ கொழுந்து வந்தால் முழுப்பேர். குறைந்தால் அரைப்பேர், அரைச் சம்பளம். கொழும்பில் அறிவிக்கப்படும் தொகை முழுப்பேருக்கானது. மாதக் கடைசியில் கைக்கு வருவதைத் தீர்மானிப்பவை மூன்று: அந்தத் தொகை, தோட்டம் வேலை கொடுத்த நாட்கள், தராசு காட்டிய கிலோ. செய்தியாவது முதலாவது மட்டும்.

தொகைக்குச் சட்டம் வந்தது 1927இல். இந்தியத் தொழிலாளருக்கான குறைந்தபட்சச் சம்பளச் சட்டம் அது. 1929இல் மலைநாட்டில் ஆணுக்கு நாளொன்றுக்கு 54 சதம், பெண்ணுக்கு 43, சிறுவருக்கு 32 என்று நிர்ணயித்தார்கள். அடுத்து உலகப் பொருளாதார மந்தம் வந்தது. தேயிலை விலை விழுந்தது. முப்பதுகளின் தொடக்கத்தில், அதே சட்டத்தின் கீழ், அந்தக் குறைந்தபட்சமும் குறைக்கப்பட்டது.

1940 ஜனவரியில் ஹேவாஹெட்டைப் பக்கம் முல்லோயா தோட்டத்தில் வேலைநிறுத்தம் நடந்தது. கேட்டது 16 சத உயர்வு. கோவிந்தன் என்ற தொழிலாளி பொலிஸ் சூட்டில் இறந்தார். சில மாதங்களில் போராட்டம் ஊவாவுக்கு வந்து, பதுளையை அடுத்த வேவெஸ்ஸ தோட்டத்தில் உச்சத்தைத் தொட்டது. 1941இல் சம்பள நிர்ணய சபைச் சட்டம் வந்தது. 1947 தேர்தலில் தோட்டத் தொழிலாளரின் கட்சியான இலங்கை இந்தியக் காங்கிரஸ் 7 இடங்களை வென்றது. 1948இன் குடியுரிமைச் சட்டத்தால் தோட்டத் தொழிலாளரில் பெரும்பாலோர் குடியுரிமையையும் அதோடு வாக்குரிமையையும் இழந்தார்கள். 1952 தேர்தலில் அந்த இடங்களில் ஒன்றுகூட மிஞ்சவில்லை. பெண்ணின் பேருக்கும் ஆணின் பேருக்கும் ஒரே சம்பளம் கிடைத்தது 1984இல்.

1992இல் அரசுத் தோட்டங்களின் நிர்வாகம் தனியார் கம்பனிகளுக்குப் போனது. நிலக் குத்தகை 53 ஆண்டுகளுக்கு. சம்பளத்தை முதலாளிமார் சம்மேளனமும் தொழிற்சங்கங்களும் கூட்டு ஒப்பந்தத்தில் பேசி முடித்தன. அந்த ஒப்பந்தங்களைப் பிரித்துப் படிக்க வேண்டும். 2016இல் அறிவிக்கப்பட்டது 730 ரூபா. அதில் அடிப்படைச் சம்பளம் 500. வேலை கொடுத்த நாட்களில் 75 விழுக்காடு வந்தால் 60. சொன்ன கிலோவை எடுத்தால் 140. தேயிலை விலைக்கான பங்கு 30. கால்பங்கு நாட்களுக்கு மேல் காய்ச்சலில் படுத்தவருக்கு 730 இல்லை. 2019இல் அடிப்படைச் சம்பளம் 700 ஆனது, விலைப்பங்கு 50. மற்ற இரண்டும் நீக்கப்பட்டன. ஒப்பந்தத்தில் அடிப்படைச் சம்பளத்தை வைத்துக் கணக்கிடப்பட்ட ஊழியர் சேமலாப நிதிக்கு இது நல்லது. அறிவித்த தொகையில் கூடியது 20 ரூபா.

ஆயிரம் ரூபா கேட்டு 2018 ஒக்டோபரில் மலையக இளைஞர்கள் கறுப்புடையில் காலிமுகத்திடலில் கூடினார்கள். அந்த ஆயிரம் 2021 மார்ச்சில் வர்த்தமானியில் வந்தது: 900, அதோடு வரவு செலவு நிவாரணப் படி 100. கம்பனிகள் கூட்டு ஒப்பந்தத்திலிருந்து விலகி நீதிமன்றம் போயின. தோட்டங்களில் வேலைநாட்கள் குறைந்தன, கேட்கும் கிலோ ஏறியது என்று தொழிற்சங்கங்கள் முறையிட்டன.

2021 மார்ச்சில் ஆயிரம் ரூபா ஏறத்தாழ 5 டொலர். 2022 நடுவில் 3 டொலர்கூட இல்லை. அந்த ஆண்டு செப்டெம்பரில் கொழும்பில் உணவுப் பணவீக்கம் 94.9 விழுக்காடு. அரசு 2021இல் விதித்த இரசாயன உரத் தடையின் பின்விளைவும் சேர்ந்து, 2021இல் சுமார் 30 கோடி கிலோவாக இருந்த நாட்டின் தேயிலை உற்பத்தி 2022இல் சுமார் 25 கோடிக்கு இறங்கியது.

2024 ஏப்ரல் 30இல் 1,700 ரூபாவுக்கு வர்த்தமானி வந்தது. ஜூலை 4இல் உயர் நீதிமன்றம் அதற்கு இடைக்காலத் தடை விதித்தது. செப்டெம்பரில் 1,350க்கு இணக்கம் ஏற்பட்டது. 2026க்கான வரவு செலவுத் திட்டம் 1,750 என்றது: கம்பனி தருவது 1,550, வேலைக்கு வந்த நாளுக்கு அரசு தருவது 200. அந்த இருநூறுக்கு ஆண்டுதோறும் ஒதுக்கீடு வேண்டும். 2021 மார்ச்சுக்கும் 2024 செப்டெம்பருக்கும் இடையில் நுகர்வோர் விலைகள் ஏறத்தாழ இரட்டிப்பாகிவிட்டன. 2021இன் ஆயிரம் வாங்கிய பொருளை வாங்க 2024 செப்டெம்பரில் 1,900 அளவில் தேவைப்பட்டது. அதன் பிறகு மேடைகளில் வெற்றி என்று சொல்லப்பட்ட எந்தத் தொகையும் அந்தக் கோட்டைத் தொடவில்லை.

1992இல் கம்பனித் தோட்டங்களில் மூன்று இலட்சத்துக்கும் அதிகமான தொழிலாளர் இருந்தார்கள். இப்போது அதில் பாதிகூட இல்லை. இளையவர்கள் கொழும்புக் கடைகளுக்கும் வளைகுடா நாடுகளுக்கும் போகிறார்கள். தோட்டம் கொடுத்த லயத்து அறை மட்டும் குடும்பத்தில் தோட்டத்துக்குப் போகும் ஒருவரின் பேரில் தொங்கிக்கொண்டிருக்கிறது.

கொழுந்து ஒரு வாரத்துக்கு ஒருமுறை எடுக்கப்பட வேண்டும். ஆள் குறைந்தால் அந்தச் சுற்று நீளும். சுற்று நீண்டால் இலை முற்றும், தூள் தரம் இறங்கும், ஏல விலையும் இறங்கும். கவாத்து தவறிய செடி மரமாகும், மலை காடாகும். இருக்கும் ஆளிடம் அதிக கிலோ கேட்கப்படும். அதனால் இன்னும் சிலர் போவார்கள்.

கம்பனிகள் இதற்கு முன்வைக்கும் வழி வருமானப் பகிர்வு: ஒரு குடும்பத்துக்குச் சில நூறு அல்லது சில ஆயிரம் செடிகள், பராமரிப்பு அவர்களுடையது, கொழுந்துக்குக் கிலோ கணக்கில் பணம். நிலம் கம்பனியிடமே இருக்கும். மழை பெய்யாத மாதமும் ஏல விலை விழுந்த மாதமும் குடும்பத்தின் கணக்கில் சேரும். ஊழியர் சேமலாப நிதி சம்பளத்தில் கணக்கிடப்படுகிறது. பணிக்கொடை, சேவை செய்த ஒவ்வோர் ஆண்டுக்கும் 14 நாள் சம்பளம். சம்பள நிர்ணய சபை விதிப்பதும் நாள் சம்பளத்தையே. வருமானப் பகிர்வில் நாள் சம்பளம் கிடையாது.