நான்கு கோடு கீழே, மூன்று கோடு மேலே

ஆர்க்டிக் பனிக்கு நடுவே ஆதிகாலம் முதல் ஒளிந்திருந்த அதிசய எண்கள், இவற்றைக் கற்றால் கணக்கு என்றாலே பிள்ளைகள் துள்ளிக் குதிப்பார்கள் என்ற தோரணையில் இணையத்தில் காணொளிகள் சுற்றுகின்றன. பின்னணியில் காற்று ஊளையிடும், ஒருவர் கனத்த குரலில் பேசுவார். அந்த எண்களின் வயது முப்பது சொச்சம்தான். அலாஸ்காவின் வடகோடியில் உள்ள காக்டோவிக் என்ற ஊரில், 1994-ல் நடுநிலைப் பள்ளி மாணவர்கள் சிலர் உருவாக்கியவை அவை. 2022 செப்டம்பரில் வெளியான யூனிகோடின் 15-ஆம் பதிப்பில் அவற்றுக்கு இடம் கிடைத்தது. ஊளையை நிறுத்திவிட்டுப் பார்த்தால் கதை இன்னும் சுவையாகவே இருக்கிறது.

வடக்கு அலாஸ்காவின் இனுயிட் மக்களான இஞுபியாட் பேசுவது இஞுபியாக். அலாஸ்காவில் தொடங்கி கனடா வழியாக கிரீன்லாந்து வரை சங்கிலிபோல் நீளும் இனுயிட் மொழிகளில் இது மேற்குக் கண்ணி. கைவிரல், கால்விரல் அத்தனையும் சேர்த்து எண்ணும் மொழி இது. ஐந்துக்கு ‘தல்லிமட்’ என்பார்கள். கையோடு உறவுடைய சொல். இருபதுக்கு ‘இஞுயிஞ்ஞக்’, விரல் மிச்சமில்லாமல் ஒரு முழு ஆள் என்று பொருள். நாம் பத்துப் பத்தாகக் கட்டுவதை இவர்கள் இருபது இருபதாகக் கட்டுகிறார்கள், நடுவில் ஐந்தைந்தாக இளைப்பாறுகிறார்கள். 53 என்று சொல்ல வேண்டுமானால், ‘இரண்டு இருபது, பத்து, மூன்று’ என்று போகும் பேச்சு.

சிக்கல் அங்கேதான் தொடங்கியது. வாய் ‘இரண்டு இருபது, பத்து, மூன்று’ என்கிறது. கை ஐந்தையும் மூன்றையும் எழுதுகிறது. எழுதியதில் இரண்டும் இல்லை, இருபதும் இல்லை. மனத்துக்குள் ஒவ்வொரு முறையும் ஒரு மொழிபெயர்ப்பு நடந்தாக வேண்டும். பள்ளி, கடை எல்லாம் ஆங்கிலத்தில் நடக்கும் ஊரில் பிள்ளைகள் எந்தப் பக்கம் சாய்வார்கள் என்பது தெரிந்ததே. இஞுபியாக் எண்ணுப்பெயர்கள் புழக்கத்திலிருந்து நழுவிக்கொண்டிருந்தன.

காக்டோவிக்கின் ஹரால்ட் கவியோலூக் பள்ளியில் வில்லியம் பார்ட்லி என்ற ஆசிரியரின் கணித வகுப்பில் இரண்டடிமான (பைனரி) எண்கள் பற்றிப் பேச்சு வந்தது. எங்கள் மொழி இருபதடிமானம் ஆயிற்றே என்றார்கள் மாணவர்கள். சரி, அதை எழுதிப் பார்ப்போம் என்று இறங்கினால், 0 முதல் 9 வரையிலான குறிகள் போதவில்லை. இருபதடிமானத்துக்கு இருபது குறிகள் வேண்டும். கூடுதலாகப் பத்து குறிகளைச் சேர்த்துப் பார்த்தார்கள். எது எந்த எண் என்று நினைவில் நிற்கவில்லை. பழையதைத் தள்ளிவிட்டுப் புதிதாகத் தொடங்கினார்கள். குறி எளிதில் நினைவில் நிற்க வேண்டும், பார்த்தாலே அளவு தெரிய வேண்டும், பென்சிலை எடுக்காமல் எழுத வேண்டும், பழைய எண்களோடு குழம்பக் கூடாது, பார்க்கவும் அழகாக இருக்க வேண்டும் என்று தங்களுக்குத் தாங்களே விதி போட்டுக்கொண்டார்கள். பெரியவர்களின் குழு ஒன்று உட்கார்ந்திருந்தால் கடைசி விதியை மறந்திருக்கும்.

கிடைத்த விடை இது. ஒன்றுக்குச் சற்றே சாய்ந்த ஒரு செங்குத்துக் கோடு. இரண்டுக்கு இரண்டு கோடுகள், ஆங்கில ‘வி’போல. மூன்றுக்கு இன்னொரு மடிப்பு. நான்குக்கு ‘டபிள்யூ’. இதோடு கீழ்வரிசை முடிந்தது. ஐந்து வந்ததும் மேலே போய்ப் படுக்கைவாட்டில் ஒரு கோடு. பத்துக்கு அப்படி இரண்டு, பதினைந்துக்கு மூன்று. ஆக, மேலே அதிகபட்சம் மூன்று கோடு, கீழே அதிகபட்சம் நான்கு கோடு. மூவைந்து பதினைந்தும் நான்கும் பத்தொன்பது. இருபதானால் இடப்பக்கம் அடுத்த இடத்தில் ஒன்று, இங்கே பூஜ்யம். பூஜ்யத்துக்கு, கைகளைக் குறுக்காகப் பிணைத்து ‘ஒன்றுமில்லை’ என்று காட்டுவதுபோல ஒரு வடிவம்.

மளிகைக் கடைக் கல்லாப்பெட்டியை நினைத்துக்கொள்ளுங்கள். வலது அறையின் கீழ்த்தட்டில் ஒரு ரூபாய் நாணயங்கள், மேல்தட்டில் ஐந்து ரூபாய் நாணயங்கள். கீழே ஐந்து சேர்ந்தால் எடுத்துவிட்டு மேலே ஒன்று போட வேண்டும். மேலே நான்கு சேர்ந்தால் எடுத்துவிட்டு இடது அறையில் ஒரு இருபது ரூபாய் நோட்டு. கடைக்காரருக்கு இந்த இரண்டு விதிகள் போதும், வாய்ப்பாடு வேண்டாம். அவர் இடது அறையையும் இதே ஒழுங்கில் வைத்திருப்பதாகக் கொண்டால், கீழ்த்தட்டில் இருபது ரூபாய் நோட்டுகள், மேல்தட்டில் நூறு ரூபாய் நோட்டுகள். நூறு நான்கு சேர்ந்தால் அடுத்த அறைக்கு நானூறு ரூபாய் நோட்டு ஒன்று வேண்டும். அதற்கடுத்த அறைக்கு எட்டாயிரம் ரூபாய் நோட்டு. ரிசர்வ் வங்கி ஒத்துழைக்காததால் கடையை இங்கேயே சாத்திவிட்டுக் கணக்குக்குப் போவோம்.

8-ஐயும் 9-ஐயும் கூட்டுங்கள். எட்டில் மேலே ஒரு கோடு, கீழே மூன்று. ஒன்பதில் மேலே ஒன்று, கீழே நான்கு. சேர்த்தால் மேலே இரண்டு, கீழே ஏழு. ஏழில் ஐந்தை எடுத்து மேலே ஒன்றாக்கினால் மேலே மூன்று, கீழே இரண்டு. அதுதான் 17. நம் எண்களில் 8-ஐயும் 9-ஐயும் எவ்வளவு நேரம் முறைத்துப் பார்த்தாலும் 17 கண்ணுக்குத் தெரியாது. முன்பே மனப்பாடம் செய்திருக்க வேண்டும். கழிப்பதானால் கோடுகளை அழித்தால் போதும், கீழே போதாதபோது மட்டும் மேல்கோட்டை உடைக்க வேண்டும்.

வகுத்தல் இன்னும் அழகு. 372-ஐ 6-ஆல் வகுக்க வேண்டும் என்று வையுங்கள். இருபதடிமானத்தில் 372 என்பது பதினெட்டு இருபதும் ஒரு பன்னிரண்டும். பதினெட்டின் குறியில் மேலே மூன்று கோடு, கீழே மூன்று. பன்னிரண்டில் மேலே இரண்டு, கீழே இரண்டு. ஆறின் குறியில் மேலே ஒன்று, கீழே ஒன்று. அந்த ஆறு, பதினெட்டுக்குள் எத்தனை முறை ஒளிந்திருக்கிறது? மூன்று முறை. பன்னிரண்டுக்குள்? இரண்டு முறை. விடை: மூன்று, இரண்டு, அதாவது மூன்று இருபதும் இரண்டும், 62. ஒளிந்திருக்கும் படத்தைத் தேடும் சிறுவர் பக்கப் புதிர்போல நீள்வகுத்தல் முடிந்துவிடுகிறது.

வசதியான உதாரணமாகத் தேர்ந்தெடுத்திருக்கிறேன் என்பதையும் சொல்லிவிட வேண்டும். 16-ஐ 4-ஆல் வகுக்கப் பாருங்கள். பதினாறில் மேலே மூன்று கோடு, கீழே ஒன்றே ஒன்று. நான்கின் ‘டபிள்யூ’ அதற்குள் எங்கும் தெரியாது. மேல்கோடுகளை உடைத்துக் கீழே இறக்கினால்தான் வேலை நடக்கும். ‘பார்த்தாலே விடை’ என்ற காணொளிகள் இந்த இடத்தில் வேகமாக நகர்ந்துவிடுகின்றன. பேச்சையும் இந்தக் குறிகள் நூறு சதவீதம் பின்தொடர்வதில்லை. இஞுபியாக்கில் 9, 14, 19 ஆகியவற்றுக்கு ‘பத்துக்குச் சற்றுக் குறைவு’ என்ற ரீதியில் பெயர்கள். எழுதும்போதோ கோடுகளை முழுதாக எண்ணித்தான் போடுகிறோம்.

வரலாறு என்று பெரிதாக எழுத ஒன்றுமில்லை. ஐந்துக்கு ஒரு கோடு, இருபதுக்கு ஓர் இடம் என்ற ஏற்பாட்டை மாயா மக்கள் வெகுகாலம் முன்பே கல்லில் பொறித்திருக்கிறார்கள். இடமதிப்பும் பூஜ்யமும் நம் நாட்டிலிருந்து அரேபியா வழியாக உலகம் சுற்றியவை. அந்தப் பிள்ளைகளும் பள்ளியில் அவற்றைப் படித்திருந்தார்கள். காக்டோவிக்கிலிருந்து இந்த எண்கள் பக்கத்து ஊர்களுக்குப் போயின. மேலே மூன்று மணி, கீழே நான்கு மணி கொண்ட மணிச்சட்டங்களும் செய்தார்கள். இஞுபியாட் வரலாறு, மொழி, பண்பாட்டு ஆணையம் 1996-ல் இந்த எண்களை ஏற்றது. 1998-ல் இனுயிட் துருவவட்டப் பேரவை, கனடாவிலும் இவற்றைப் பயன்படுத்தலாம் என்று பரிந்துரைத்தது.

இனி மதிப்பெண் கதை. இந்த எண்கள் வந்த பிறகு காக்டோவிக் மாணவர்கள் பொதுக் கணிதத் தேர்வில், கடைசி இருபது சதவீதத்திலிருந்து தேசிய சராசரிக்கு மேலே ஏறினார்கள் என்பது எல்லாக் கட்டுரைகளிலும் தவறாமல் வரும். ஏறியது உண்மை. ஆனால் ஊரின் மக்கள்தொகையே முந்நூறை எட்டாது. நடுநிலை வகுப்புப் பிள்ளைகளை விரல்விட்டு எண்ணிவிடலாம். அக்கறையுள்ள ஆசிரியர், தாங்களே ஒன்றைக் கண்டுபிடித்த பெருமிதம், இரண்டு அடிமானங்களில் யோசித்த பயிற்சி, குறிகளின் வடிவம் இவற்றில் எது எவ்வளவு பங்களித்தது என்று இத்தனை சிறிய கூட்டத்தை வைத்துப் பிரித்துச் சொல்ல முடியாது.

இனுயிட் மொழிகளுக்கு இப்படி மிகைப்படுத்தல் புதிதல்ல. மானிடவியலாளர் ஃபிரான்ஸ் போவாஸ் 1911-ல் பனிக்கான நான்கு வேர்ச்சொற்களைப் போகிற போக்கில் குறிப்பிட்டார். அது கைமாறிக் கைமாறி ஐம்பதாகி நூறாகியது. 1986-ல் லாரா மார்ட்டின் அந்த ஊதலின் தடத்தைப் பின்தொடர்ந்து ஓர் ஆய்வுக் கட்டுரையே எழுத வேண்டியதாயிற்று. வியக்க ஆளிருக்கிறது, பேசத்தான் ஆள் குறைகிறது. பள்ளியில் தாய்மொழி பேசியதற்காகத் தண்டனை வாங்கிய தலைமுறைகள் அலாஸ்காவில் உண்டு. இஞுபியாக்கைச் சரளமாகப் பேசுவோர் இன்று குறைவு, பெரும்பாலும் மூத்தவர்கள். 2014-ல் அலாஸ்கா மாநிலம் அதை அலுவல் மொழிகளில் ஒன்றாக அறிவித்தது. அதற்கு முன்பே, 2002-ல் நடப்புக்கு வந்த அமெரிக்கக் கல்விச் சட்டம் பொதுத் தேர்வு மதிப்பெண்ணை எல்லாவற்றுக்கும் அளவுகோலாக்கியதில், காக்டோவிக் எண்களுக்கு வகுப்பறையில் இருந்த நேரம் சுருங்கிப்போனது.

என் தீர்ப்பு இதுதான். இந்த எண்கள் நம் எண்களை ஓரங்கட்டப் போவதில்லை. அதற்காக அவை பிறக்கவும் இல்லை. தாய்மொழியில் எண்ணும் பிள்ளைக்கு, எண்ணியபடியே எழுத ஒரு வழி வேண்டியிருந்தது, அதை அந்தப் பிள்ளைகளே செய்துகொண்டார்கள். யூனிகோடு கொடுத்திருப்பது கணினியில் இருபது இடங்கள். அவை புழங்க வேண்டுமானால் வடக்கு அலாஸ்காவின் பாடப்புத்தகத்திலும் தேர்வுத்தாளிலும் அவை இருக்க வேண்டும். நீங்கள் ஒன்று செய்யலாம்: அடுத்த முறை அந்தக் காணொளி வந்தால் பகிர்வதற்கு முன் ஒரு தாளும் பென்சிலும் எடுத்து, 14-ஐயும் 13-ஐயும் கோடுகளால் கூட்டிப் பாருங்கள். இடப்பக்கம் ஒரு கோடு, வலப்பக்கம் மேலே ஒன்று, கீழே இரண்டு என்று வந்தால் சரி.